கல்லுக்கு இந்தப் பக்கம்

தம்பி, எந்திரிங்க. அந்தக் கல்லு மேல உக்காராதீங்க. கோவிச்சுக்காதீங்க, தெரியாம உக்காந்துட்டீங்க. இந்தா பெஞ்சு காலியாத்தான் இருக்கு, இப்படி வாங்க. மஞ்சள் பூசியிருக்கு, பொட்டு வச்சிருக்கு, பாத்தா தெரியலையா? பேன்ட்டுல ஒட்டியிருக்கு பாருங்க. தட்டிவிடாதீங்க, அது பாட்டுக்கு இருக்கட்டும்.

சாமியா? சாமியில்ல. சாமின்னா இந்நேரம் கூரை போட்டு உண்டியல் வச்சிருப்பாக. இது எல்லைக்கல்லு. ஆவாரம்பேட்டையோட கெழக்கு எல்லைக்கல்லு.

சிரிக்கிறீங்க. ஆவாரம்பேட்டை எங்க இருக்குன்னு உங்களுக்குத் தெரியும் போல. ஆமா, இங்கேர்ந்து இருபத்திரெண்டு கிலோமீட்டரு. நடுவுல நாலு ஊரு, ஒரு கண்மாய், ஒரு ரயில்வே கேட்டு. அந்த நாலு ஊர்க்காரனும் எங்களக் கேலி பண்றான். இங்க பஸ் ஸ்டாண்டுல ஏறி உக்காரும்போதே, 'ஆவாரம்பேட்டை வந்தாச்சு, எறங்குறவுக எறங்கிக்கங்க'ன்னு கண்டக்டர் சத்தம் குடுக்கிறான். இருபது வருஷமா இந்தக் கேலி. எல்லாம் ஒரு பொம்பள பண்ணுன வேலை.

உள்ள யாரு, சம்சாரமா? ஆபரேஷனா? நல்லாயிருவாக. பார்வை நேரம் நாலு மணிக்குத்தான், மணியடிப்பாக. இன்னும் ஒரு மணி நேரம் கெடக்கு. அதுவரைக்கும் கேளுங்க. கேட்டுட்டு நியாயம் யார் பக்கம்னு நீங்களே சொல்லுங்க. எங்க ஊர்ல ஒருத்தன் எனக்குச் சாதகமாச் சொல்லல. நீங்க வெளியாளு.

எம்பேரு சேவுகன். எல்லைக்காரர் வீடுன்னா சுத்துப்பட்டுல எல்லாருக்கும் தெரியும். பங்குனியில எங்க அம்மனுக்கு எட்டு நாள் திருவிழா. மொத நாள் சாயங்காலம் கோயில்ல காப்புக் கட்டுவாக. கட்டின கையோட நான் நாலு திக்குக்கும் போயி, கல்லுக்கு மஞ்சத்தண்ணி ஊத்தி, எலுமிச்சம்பழம் அறுத்துப் போட்டு எல்லையக் கட்டணும். அதுக்கப்புறம் எட்டு நாளைக்கு, ஊர்ல இருந்தவன் எவனும் ராத்திரி வெளிய தங்கக் கூடாது. பகல்ல போங்க, யாரு வேணாம்னா? வேலைக்குப் போங்க, கோர்ட்டுக்குப் போங்க. வெளக்கு வைக்கிற நேரத்துக்குக் கல்லுக்கு இந்தப் பக்கம் வந்துரணும்.

ஏன்னா, எங்க தாத்தா காலத்துல பேதி வந்துச்சு. அப்ப ஆவாரம்பேட்டை மாட்டுச் சந்தைன்னா எங்கெங்கிருந்தோ வண்டி வரும். அவரு அத்தன வண்டியையும் திருப்பி அனுப்புனாரு. நாலு பக்கமும் கல்ல நட்டு, உள்ள இருக்கிறவன் உள்ள, வெளிய இருக்கிறவன் வெளியன்னு சொல்லிட்டாரு. பக்கத்து ஊருகள்ல பொதைக்க ஆளில்லாமக் கெடந்தாக. எங்க ஊர்ல பதினோரு பேரு, அம்புட்டுத்தான். எட்டாம் நாளு பேதி நின்னுச்சு. அன்னையிலேர்ந்து இது பழக்கம். சந்தை படுத்துருச்சு. டாக்கீஸ் வந்துச்சு, அதுவும் மூடிப்போச்சு. பேரூராட்சி ஆச்சு, ஐஸ்கூல் வந்துச்சு. கல்லு மட்டும் நட்டது நட்டபடி, ஒரு முழம் நகந்ததில்ல.

கஷ்டம் இருந்துச்சுதான். மாமனார் சாவுக்குப் போனவன் எடுக்கிறதுக்கு முன்னால திரும்பி ஓடி வந்திருக்கான். நான் என்ன பண்றது? கட்டுறது மட்டுந்தான் என் வேலை. சட்டம் போட்டது நானா?

சங்கையா விசயத்தத்தான் எல்லாரும் சொல்லுவாக. அதையும் சொல்லிர்றேன், மறைக்க என்ன இருக்கு?

வேளார் தெருவுல டெய்லர் சங்கையா. ஊர்ப் பிள்ளைக போட்டுத் திரியுற பள்ளிக்கூட உடுப்பெல்லாம் அவன் தச்சது. அம்மன் குதிரைக்கு வருஷா வருஷம் போர்வை தச்சுக் குடுப்பான். தங்கமான ஆளு. ஒரு வருஷம் அஞ்சாம் நாள் திருவிழா, பொழுது சாயிற நேரம், நெஞ்சு வலிக்குதுன்னான். அவன் சம்சாரம் இருளாயி ஒரு கார் பிடிச்சு ஏத்திக்கிட்டு வந்தா. நான் கல்லுக்கிட்ட நின்னேன். நான் நிறுத்தினேன்னு ஊர்ல சொல்றாக. நான் நிறுத்தல தம்பி. கைய இப்படி நீட்டினேன், அவ்வளவுதான். வண்டிய நிறுத்தினது டிரைவரு. வாய்வுப் பிடிப்பா இருக்கும், பூண்டு சுட்டுக் குடு, விடிஞ்சதும் போங்கன்னு நல்லதுதான் சொன்னேன். சங்கையாவே, 'அண்ணன் சொல்றது சரிதான், திருப்பு'ன்னான். அவனே சொன்னான். நாலு பேரு கேட்டாக.

விடியிறதுக்கு முன்னால போயிட்டான்.

அதுலேர்ந்து இருளாயி என்னோட பேசல. முன்னெல்லாம் வாய் நெறைய அண்ணே அண்ணேம்பா. அவன் மிஷின இவளே மிதிக்க ஆரம்பிச்சா. நான் கோயிலுக்குப் போற வழியிலதான் அவ வீடு. நான் வர்றது தெரிஞ்சா மிஷின் சத்தம் நின்னுரும். வாசலத் தாண்டிப் போனதும் மறுபடி ஓடும். ஆறு வருஷம் அப்படி. வஞ்சாக்கூட பதிலுக்கு ரெண்டு வார்த்தை பேசலாம். மிஷின நிறுத்துறவகிட்ட என்னத்தப் பேசுறது? அது என்ன மரியாத, நீங்களே சொல்லுங்க.

ஆறாவது வருஷந்தான் இந்தக் கூத்து. எனக்கு ஒரே மக, வளர்மதி. பிரசவத்துக்கு வந்திருந்தா. மாசம் நெறஞ்ச பிள்ளைகள காப்புக்கு முன்னாலயே வெளியூருக்கு அனுப்பிருவாக. இன்னும் இருபது நாள் இருக்குன்னு நர்ஸம்மா சொன்னதால நான் அனுப்பல. நாலாம் நாள் மத்தியானம் மூணு மணிக்கு வலி வந்துருச்சு. வலி மட்டும்னா பரவால்ல, ரத்தமும் போகுது. அப்பல்லாம் போன் போட்டா வர்ற ஆம்புலன்சு கெடையாது. நர்ஸம்மா ரெண்டு மணி நேரம் என்னென்னமோ பண்ணிப் பாத்துட்டு வெளிய வந்தாக. கையெல்லாம் ரத்தம்.

'ஐயா, இங்க வச்சுக்கிட்டு என்னால ஒண்ணும் பண்ண முடியாது. ரத்தம் ஏத்தணும். தாலுகா ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்க. இப்பவே.'

மணி அஞ்சு. பங்குனியில பொழுது ஆறரைக்கு விழும். போறதுக்கு முக்கா மணி நேரம் ஆகும். போயிரலாம். திரும்பி வர முடியாது.

நான் யோசிக்கலன்னு நெனைக்காதீங்க. யோசிச்சேன். யோசிச்சுக்கிட்டே நடந்தேன். நடந்து போயி நின்னு பாத்தா, கல்லுக்கிட்ட நிக்கிறேன். காலு தானா அங்க கொண்டு போயி விட்டுருச்சு.

காசியோட வேன் வந்துச்சு. காசி என் தங்கச்சி மகன். பின் சீட்ட எடுத்துட்டு மெத்தையப் போட்டு அவளப் படுக்க வச்சிருந்தாக. நர்ஸம்மா கூட உக்காந்திருந்தாக. என் சம்சாரம் பஞ்சவர்ணத்தக் காணோம். பெத்தவளக் காணோமேன்னு எனக்கு ஆத்திரம். வேன் எனக்கு ஆறடி முன்னால நின்னுச்சு. என் கை... நான் நீட்டல தம்பி. அது நீட்டியிருந்துச்சு.

'மாமா, ஒதுங்குங்க'ன்னான் காசி.

கூட்டம் கூடிருச்சு. நாட்டாமக்காரரு ஓடி வந்து, 'சேவுகா, ஊரே சொல்லுது, விட்டுரு. அம்மன்கிட்ட மன்னிப்புக் கேட்டுக்கலாம்'ன்னாரு. எல்லாரும் விடு விடுங்கிறாக. வேனுக்குள்ள இருந்து வளர்மதி, 'அப்பா'ன்னா. ஒரு தடவதான். சத்தமே இல்ல.

விடலாம். யாருக்குத்தான் பெத்த பிள்ள மேல ஆசயில்ல? ஆனா இதே எடத்துலதான சங்கையாவுக்குக் கைய நீட்டினேன்? இன்னைக்கு எம்மகளுக்குக் கைய மடக்கினா, அப்ப சங்கையா எதுக்குச் செத்தான்? சொல்லுங்க. கைய மடக்குற நிமிசம் நான் ஒரு ஆளக் கொன்னவன். மடக்காம இருந்தா என்ன ஆகும்கிறத நான் நெனைக்கவே இல்ல. மண்டைக்குள்ள அந்த ஒண்ணுதான் சுத்துது. நாட்டாமக்காரருக்கு இது புரியாது. அவரு கையவா நீட்டினாரு?

அப்பத்தான் வேளார் தெருவுப் பக்கமிருந்து இருளாயி வந்தா. கையில கடப்பாரை. அவளுக்குப் பின்னால பஞ்சவர்ணம் முந்தானைய வாயில பொத்திக்கிட்டு வர்றா. இவ அங்கயா போயிருந்தா? ஊர்ல எத்தனையோ வீடு இருக்கு, அந்த வீட்டுக்கா போகணும்? பின்னால ஒரு நாள், அவகிட்ட என்னடி சொன்னன்னு கேட்டேன். 'ஒண்ணும் சொல்லல, வாசல்ல போயி நின்னேன்'ன்னா. மிஷின் நின்னுச்சான்னு கேட்டேன். எந்திரிச்சு அடுப்படிக்குப் போயிட்டா.

இருளாயி என் முன்னால வந்து நின்னா. ஆறு வருஷத்துல மொத தடவ என் மூஞ்சியப் பாக்குறா.

'எல்லைக்காரரே, கல்லத் தாண்டிப் போகக் கூடாது. அதான சட்டம்?'

அண்ணேன்னு சொல்லல பாத்தீங்களா? எல்லைக்காரரே.

'ஆமா'ன்னேன்.

'நாங்க தாண்டல. கல்லு முன்னால போகட்டும். நாங்க பின்னால வர்றோம்.'

சொல்லிட்டு கடப்பாரையக் கல்லுக்கு அடியில போட்டா. 'ஏய், தொடாத! காப்புக் கட்டினப்புறம் எங்க வீட்டு ஆம்பளயத் தவிர யாரும் அதத் தொடக் கூடாது'ன்னு கத்தினேன்.

'அப்ப நீங்க தொடுங்க'ன்னா.

'எங்க தாத்தா நட்ட கல்லு. இருந்த எடத்துலேர்ந்து ஒரு முழம்...'

'உங்க தாத்தா மொதல்ல எங்க நட்டாரு? எங்க தெருவ வெளிய விட்டு, ஊர்ப்பக்கமில்ல நட்டாரு? எங்க சனமெல்லாம் கல்லுக்கு வெளிய நின்னு பிள்ளைகளக் காட்டி அழுதப்ப, விடியிறதுக்குள்ள அவருதான பிடுங்கிட்டுப் போயி தெருவுக்கு அங்கிட்டு நட்டாரு? வேளார் தெரு உள்ள வந்தது எப்படின்னு உங்களுக்குத் தெரியாதா?'

அது... ஆமா தம்பி. அது நடந்ததுதான். முன்ன நான் சொல்லல, விட்டுப்போச்சு. அது ஒரு தடவ. அவசரத்துக்குச் செஞ்சது. அதக் கணக்குல சேக்க முடியுமா?

அப்புறம் கொரலத் தணிச்சுச் சொன்னா. எனக்கு மட்டும் கேக்கணும்னு சொன்னாளோ என்னமோ, கூட்டம் அமந்திருந்துச்சு, எல்லாருக்கும் கேட்டுருச்சு.

'அன்னைக்கு எனக்கு இது தோணல, எல்லைக்காரரே. மறுநாள் தோணுச்சு. ஆறு வருஷமா மிஷின்ல உக்காரும்போதெல்லாம் தோணிக்கிட்டே இருக்கு. தூக்குங்க.'

எப்படிக் குத்திக் காட்டினா பாருங்க. நாலு பேரு முன்னால, பொதுரோட்டுல. என்னை அவமானப்படுத்தணும்னே அத்தன வருஷம் காத்திருந்து வந்திருக்கா. வேற எதுக்கு வந்தா? நான் எம்மகள விட மாட்டேன்னா அவளுக்கு என்ன நட்டம்? சந்தோசமா வேடிக்கை பாத்திருக்கலாமே. இதத்தான் ஊர்ல கேட்டேன், தலையில அடிச்சுக்கிட்டுப் போறானுக.

தூக்கினேன். வேற யாரும் தொட்டுறக் கூடாதுன்னுதான் தூக்கினேன். நல்ல கனம், பத்து வயசுப் பிள்ள கனம். முன் சீட்டுல உக்காந்து மடியில வச்சுக்கிட்டேன். இருளாயியும் பஞ்சவர்ணமும் பின்னால ஏறுனாக. காசி வண்டிய எடுத்தான்.

வேகமாப் போடா வேகமாப் போடான்னு வழியெல்லாம் நான் கத்திக்கிட்டு வந்ததா காசி இன்னமும் சொல்லிச் சிரிப்பான். கத்தினேன்தான். கல்லு தொடைய அழுத்துச்சு, வலி தாங்கல. அதுக்குத்தான் கத்தினேன். பின்னால இருளாயி பேச்சுக் குடுத்துக்கிட்டே வர்றா. 'தூங்காத ஆத்தா. கண்ணத் தொற. உனக்குப் பாவாட தச்சுக் குடுத்தேனே, பச்சைக் கலரு, ஞாபகமிருக்கா? சொல்லு, என்ன கலரு?' வளர்மதி பதில் சொன்னாளா இல்லையான்னு எனக்குக் கேக்கல. நான் திரும்பிப் பாக்கல. எல்லையத் தூக்கிட்டுப் போறவன் திரும்பக் கூடாது. அப்படி ஒரு வழக்கமான்னு கேக்காதீங்க. அன்னைக்கு நான் வச்சதுதான்.

ரயில்வே கேட்டு மூடிக் கெடந்துச்சு. கூட்ஸ் வண்டி. போகுது போகுது, முடியவே மாட்டேங்குது. பொழுது பனமரத்துக்குக் கீழ எறங்கிருச்சு. பின்னால இருளாயி, 'என்ன கலரு? என்ன கலரு ஆத்தா?'ன்னு கேட்டுக்கிட்டே இருக்கா. திடீர்னு கேக்கிறத நிறுத்திட்டா. எனக்கு அந்த மிஷின் சத்தம் நிக்கிறது ஞாபகம் வந்துருச்சு. கல்ல இறுக்கிப் பிடிச்சேன். நகம் பிஞ்சு போச்சு. இந்தா பாருங்க, இந்த வெரல்ல நகம் கோணலாத்தான் மொளச்சுச்சு. அப்புறம் பின்னாலேர்ந்து மெல்ல, 'பச்ச'ன்னு கேட்டுச்சு.

இங்க வந்து எறங்கினா, அந்த வாட்ச்மேன் வாசல்ல நிக்கிறான். இப்ப இருக்கிறவன் இல்ல, பழைய ஆளு. கல்லோட முன்னால நான் ஓடுறேன். என்னய்யா இது, கல்லெல்லாம் உள்ள கொண்டு போகக் கூடாதுன்னு குறுக்க கைய நீட்டினான். எனக்கு வந்துச்சே ஒரு கோவம். 'ஒரு உசிரு போய்க்கிட்டிருக்கு, நீ கைய நீட்டிக்கிட்டு சட்டம் பேசுறியா? நீ மனுசனா?'ன்னு கேட்டேன். செல பேருக்கு ஈரமே கெடையாது தம்பி. எதையாவது ஒரு சட்டத்தப் பிடிச்சுக்கிட்டு நின்னுருவானுக.

என்ன பாக்குறீங்க?

சரி. அவனத் தள்ளிட்டுக் கட்டடத்தச் சுத்தி ஓடியாந்தேன். பிரசவ வார்டு இந்தச் செவத்துக்கு அந்தப் பக்கந்தான். கல்ல இங்க, வேப்பமரத்தடியில எறக்கினாத்தான் வார்டு கல்லுக்கு இந்தப் பக்கம் இருக்கும். கையாலயே மண்ணப் பறிச்சு நட்டேன். நட்டு முடிக்கவும் இருட்டவும் சரியா இருந்துச்சு. எம்மக ராத்திரி ஊரு எல்லைக்குள்ளதான் இருந்தா. சட்டப்படி எந்தத் தப்பும் இல்ல.

கொஞ்ச நேரங்கழிச்சு இருளாயி பின்பக்கமா வந்தா. கையில பிள்ள. ரவிக்கைத் துணியில மிஞ்சின துண்டெல்லாம் ஒட்டுப் போட்டுத் தச்ச ஒரு துணியில சுத்தியிருந்தா. வளர்மதிக்குன்னு முன்னாலயே தச்சு வச்சிருந்திருக்கா போல, எனக்குத் தெரியாது. என் முன்னால நீட்டினா. என் கையெல்லாம் மண்ணு, ரத்தம். எப்படி வாங்குறது? பாத்துக்கிட்டே நின்னேன். அவளும் நின்னா. அப்புறம் உள்ள போயிட்டா. பேத்தின்னு ஒரு வார்த்த, பெரிய உசிரும் பொழச்சுக்கிச்சுன்னு ஒரு வார்த்த, வாயத் தொறந்து சொல்லியிருக்கலாமில்ல? எல்லாத்தையும் நர்ஸம்மா சொல்லித்தான் தெரிஞ்சுக்கிட்டேன்.

பேத்தி இப்ப காலேஜு போறா. எல்லைச்செல்வின்னு பேரு வச்சிருக்காக. பேரப் பாருங்க. நான் வைக்கல.

திருவிழா முடிஞ்சதும் கல்லத் திருப்பிக் கொண்டு போயி நடணும்னு ஊர்க்கூட்டத்துல சொன்னேன். பொம்பளைக அத்தன பேரும் எந்திரிச்சு, அங்கேயே இருக்கட்டும்னுட்டாக. கூட்டத்துல பொம்பளைக பேசுனதே அன்னைக்குத்தான். அதுலேர்ந்து வருஷா வருஷம் காப்பு அன்னைக்கு நான் பஸ் ஏறி வந்து மஞ்சத்தண்ணி ஊத்திட்டுப் போறேன். எல்லையக் கட்ட டிக்கெட் எடுத்துட்டுப் போற எல்லைக்காரன் நான் ஒருத்தன்தான். இது அவமானமா இல்லையா? சொல்லுங்க.

என்ன தம்பி, கடிகாரத்தப் பாக்குறீங்க? மணியடிப்பாக, இருங்க.

நேத்துத்தான் காப்பு. நேத்தே வந்து கட்டிட்டுப் போனேன். இன்னைக்கு எதுக்கு வந்தேன்னா, அங்கிட்டு ஏதோ புதுக் கட்டடம் கட்டுறாகளாம், கல்லக் கில்லப் பிடுங்கிருவானுகளோன்னு ஒரு சந்தேகம். எட்டு நாளும் இங்கதான் படுக்கப் போறேன். எல்லைக்காரன் எல்லையில படுக்கிறான், அதுல என்ன அதிசயம்? பாயி கொண்டாந்திருக்கேன்.

இது தூக்குச் சட்டி. கஞ்சி.

எனக்கில்ல. இருளாயிய நேத்துப் பொழுதடஞ்சு இங்கதான் கொண்டாந்து சேத்தாக. நெஞ்சு வலியாம். சங்கையாவுக்கு வந்த அதே வலி. வழியில யாரும் நிறுத்தல. நிறுத்த அங்க என்ன இருக்கு, கல்லுதான் இங்க இருக்கே. பொழச்சுக்குவா, நேரத்துக்கு வந்துட்டான்னு டாக்டர் சொன்னாராம். பொம்பளைக வார்டு, ஜன்னலோரம் மூணாவது கட்டிலு. நான் போயிப் பாக்கல, வாட்ச்மேன் சொன்னான். பஞ்சவர்ணம் இருந்தா அவளே உள்ள போயிருப்பா. அவ போயி நாலு வருஷமாச்சு.

நான் எப்படிப் போறது? இருபத்தாறு வருஷமாப் பேசாதவ. அன்னைக்குப் பேசுனதும் என்னோட இல்ல, எல்லைக்காரனோட. நான் போயி நின்னா மூச்ச நிறுத்திட்டான்னா? சிரிக்காதீங்க, எனக்கு அந்தப் பயந்தான். வாசல் வரைக்கும் ரெண்டு தடவ போனேன். காலு இங்க கொண்டாந்து விட்டுருச்சு.

மணியடிச்சுட்டாக. நீங்க அதே வார்டுக்குத்தான போறீங்க? இதக் கொஞ்சம் அவ கையில குடுத்துருங்க. நான்தான் வச்சேன், உப்பு கம்மியாத்தான் போட்டிருக்கேன். யாரு குடுத்தான்னு கேக்க மாட்டா. கேட்டா, கல்லு வச்ச எடத்துலயே இருக்குன்னு சொல்லுங்க. அவ எந்திரிச்சு வீட்டுக்குப் போறவரைக்கும் அது அங்கதான் இருக்கும், ஒருத்தன் கூடவே இருக்கான்னு சொல்லுங்க.

அப்புறம் தம்பி, திரும்பி வர்றப்ப இந்தப் பக்கமா வாங்க. சட்டிக்காக இல்ல. அண்ணேன்னு ஏதாவது சொன்னாளான்னு மட்டும் எனக்குச் சொல்லிட்டுப் போங்க.